மூச்சு வாங்க மேலே வரும் மீன்

ஞாயிற்றுக்கிழமை காலை மீன் கடைக்குப் போகிறவர்கள் அந்த அண்டாவைப் பார்த்திருப்பார்கள். ஐஸ் பெட்டிகளுக்கு ஓரமாக, முக்கால் அளவு தண்ணீருடன், மேலே வலையோ பலகையோ போட்டு மூடி வைத்திருப்பார்கள். உள்ளே கறுத்த முதுகுடன் நாலைந்து மீன்கள் ஒன்றன்மேல் ஒன்றாகக் கிடக்கும். அசைவே இருக்காது. கொஞ்ச நேரம் பொறுமையாக நின்றால் ஒரு மீன் மெல்லத் தலையைத் தூக்கும். மூக்கின் நுனி நீர்மட்டத்தைத் தொட்டதும் வாய் ஒரு நொடி திறந்து மூடும். 'ப்ளக்' என்று சின்னதாக ஒரு சத்தம். செவுள் ஓரமாக ஓரிரு குமிழிகள் கிளம்பும். மீன் மறுபடி அடியில் போய்ப் படுத்துக்கொள்ளும்.

அண்டாவை ஏன் நிரப்பவில்லை என்று கடைக்கார அம்மாவிடம் ஒருமுறை கேட்டேன். "முழுக்க ஊத்தி மூடினா செத்துப் போயிரும் தம்பி. மேல கொஞ்சம் எடம் வேணும் அதுக்கு" என்றார்.

தண்ணீர் நிறைய இருந்தால் செத்துப்போகும் மீன்! அவர் அதை உப்பு, புளி விலை சொல்வதுபோலச் சாதாரணமாகச் சொன்னார். உயிரியலின் பெரிய அதிசயங்களில் ஒன்று அந்த ஒரு வாக்கியத்தில் இருக்கிறது. விராலின் உடல், வாழ்விடம், பிள்ளை வளர்ப்பு, சந்தை விலை எல்லாமே அந்த நாலு விரற்கடை வெற்றிடத்தோடு தொடர்புடையவை.

விராலா, குரவையா?

முதலில் ஆளை அடையாளம் தெரிந்துகொள்வோம். தமிழ்நாட்டுக் குளம், கண்மாய், வாய்க்கால், வயல்களில் விரால் குடும்பத்து மீன்கள் சில உண்டு. கடைகளில் எல்லாமே விரால் என்ற பெயரில் விற்கப்படுவதும் உண்டு. விரால் விலை கூடிய மீன் என்பதால், பார்த்து வாங்கத் தெரிந்திருப்பது நல்லது.

குடும்பத்துக்குப் பொதுவான அடையாளங்கள் எளியவை. உடல் உருளையாக, நீளமாக இருக்கும். தலை மேலிருந்து பார்க்கையில் தட்டையாக, பெரிய பெரிய செதில் தகடுகளால் மூடப்பட்டு, பாம்பின் தலையை நினைவூட்டும். வாய் கண்ணுக்குப் பின்னால் வரை கிழிந்திருக்கும். கீழ்த்தாடை சற்று முன்தள்ளியிருக்கும். வாய்க்குள் விரலை விட்டவர்களுக்குப் பற்களைப் பற்றிச் சொல்லத் தேவையில்லை. முதுகுத் துடுப்பு தலைக்குச் சற்றுப் பின்னால் தொடங்கி, இடைவெளி விடாமல் வால் அருகே வரை ஒரே பட்டையாக ஓடும். வால் கெண்டை மீனுக்குப்போலக் கவட்டையாகப் பிரியாது. விசிறிபோல வட்டமாக முடியும். துடுப்புகளில் முள் கிடையாது. தேளியையும் கெளுத்தியையும் பிடிக்கப் பயப்படும் சிறுவர்கள்கூட விராலைத் துணிந்து பிடிப்பது அதனால்தான். வழுக்கும், கடிக்கும், குத்தாது.

இனி ஒவ்வொன்றாக. விரால் என்று முறையாக அழைக்க வேண்டிய மீனின் அறிவியல் பெயர் சன்னா ஸ்ட்ரையாட்டா. முதுகு கரும்பச்சை அல்லது கரும்பழுப்பு. வயிறு வெளுப்பு. இரண்டும் சந்திக்கும் பக்கவாட்டில் கறுப்புக் கோடுகள் சாய்வாக இறங்கியிருக்கும். ஒரு கை நீளத்துக்குப் பிடிபடுவது சாதாரணம். ஒரு மீட்டர் வரை வளரக்கூடும்.

குரவை அதன் தம்பி. உருவம் குட்டை; ஓர் அடிக்குமேல் வளர்வது அரிது. உடலெங்கும் கரும்புள்ளிகளும் திட்டுகளும் தூவியிருக்கும். இதன் அறிவியல் பெயர் சன்னா பங்க்டேட்டா. சின்ன விரால் என்று விற்கப்படுவதில் பல நேரம் இது கலந்திருக்கும்.

பூவிரால் என்றும் அவுரி என்றும் சொல்லப்படுவது அண்ணன். பெரிய ஆறுகளிலும் அணைகளிலும் வாழும். பக்கவாட்டில் பெரிய கருந்திட்டுகள் வரிசையாக இருக்கும். அவற்றின்மேல் முத்து தெளித்ததுபோல் வெள்ளைப் புள்ளிகள். இளசாக இருக்கையில் வாலின் அடியில் கண் போன்ற ஒரு வட்டம் தெரியும். ஒரு மீட்டரைத் தாண்டி வளரும் பெரிய மீன் இது.

மலையடிவார ஓடைகளில் கற்களுக்கிடையே சாண் அளவில் ஒன்று வாழ்கிறது. பாறைக் குரவை என்பார்கள். துடுப்புகளின் ஓரத்தில் வெளிர் ஆரஞ்சு நிறக் கரை போட்டிருக்கும்.

நிறத்தை மட்டும் நம்பினால் ஏமாந்துவிடுவோம். கலங்கல் நீரில் வளர்ந்த மீன் வெளுத்தும், பாசி நிறைந்த குளத்தில் வளர்ந்தது கறுத்தும் இருக்கும். எனவே ஆய்வாளர்கள் எண்ணிப் பார்க்கிறார்கள். முதுகுத் துடுப்பை விரித்து அதிலுள்ள கதிர்களை எண்ணுவது ஒரு வழி. குரவைக்குச் சுமார் 30 இருக்கும். விராலுக்கு 37 முதல் 46 வரை. அவுரிக்கு 45 முதல் 55 வரை. முப்பது, நாற்பது, ஐம்பது என்று மனத்தில் வைத்துக்கொள்ளலாம். இன்னொரு வழி, உடலின் பக்கவாட்டுக் கோட்டில் உள்ள செதில்களை எண்ணுவது. குரவைக்கு நாற்பதை ஒட்டியே இருக்கும். விராலுக்கு ஐம்பதைத் தாண்டும். அவுரிக்கு அறுபதைத் தாண்டும். வீட்டில் மீன் கழுவும்போது ஒரு நிமிடம் ஒதுக்கி, துடுப்பை விரித்துப் பிள்ளைகளை எண்ணச் சொல்லுங்கள். அறிவியல் வகைப்பாடு என்றால் என்ன என்று அவர்களுக்குப் பிறகு யாரும் விளக்க வேண்டியிருக்காது.

தலைக்குள் ஒரு காற்றறை

அந்த 'ப்ளக்' சத்தத்துக்கு வருவோம்.

மீன் நீரில் கரைந்துள்ள ஆக்சிஜனைச் செவுளால் எடுத்து மூச்சு விடுகிறது என்று பள்ளியில் படித்திருக்கிறோம். நீரில் எவ்வளவு ஆக்சிஜன் இருக்கிறது? ஒரு லிட்டர் காற்றில் 200 மில்லிலிட்டருக்குச் சற்று அதிகமாக ஆக்சிஜன் உண்டு. நம் ஊர்க் குளத்தின் வெதுவெதுப்பான ஒரு லிட்டர் நீரில், நல்ல நிலையிலேயே, ஐந்து மில்லிலிட்டர் அளவுதான் இருக்கும். நீர் சூடாக ஆக, அது பிடித்து வைத்திருக்கும் ஆக்சிஜன் குறையும். பாசியும் தாமரையும் மண்டிய குளத்தில் இரவு முழுக்கச் செடிகளும் ஆக்சிஜனைச் செலவழிக்கும். அழுகும் இலைகளும் செலவழிக்கும். விடியற்காலையில் இருப்பு அடிமட்டத்துக்கு வந்துவிடும். வளர்ப்புக் குளங்களில் கட்லாவும் ரோகுவும் அதிகாலையில் மேலே வந்து வாயைத் திறந்து திறந்து மூடித் தவிப்பது இதனால்தான். சில நாட்களில் அவை கூட்டமாகச் செத்து மிதக்கும்.

விராலுக்கு அந்தக் கவலை இல்லை. அதன் தலையில், செவுள்களுக்கு மேலே, இரு பக்கமும் ஒவ்வோர் அறை இருக்கிறது. அறையின் சுவர் மடிப்பு மடிப்பாக இருக்கும். மடிப்புகளின் மேல் மெல்லிய தோல்; அதன் அடியில் நுண்ணிய இரத்த நாளங்கள் நெருக்கமாகப் பின்னியிருக்கும். அறையில் காற்று நிரம்பினால், அதிலுள்ள ஆக்சிஜன் நேரே இரத்தத்தில் கலந்துவிடும். நம் நுரையீரல் செய்யும் அதே வேலைதான். ஆனால் இது நுரையீரல் இருந்த இடத்திலிருந்து வளர்ந்ததில்லை. தொண்டையின் கூரையிலிருந்து தனியாக உருவானது.

காற்றை மாற்றும் முறை இன்னும் அழகு. அறைக்குள் பழைய காற்று இருக்கிறது. அதை வெளியே தள்ள விராலிடம் நெஞ்சுக்கூடு இல்லை, உதரவிதானம் இல்லை. அது நீரையே பயன்படுத்திக்கொள்கிறது. மேலே வரும் நேரத்தில், வழக்கமாக வாயிலிருந்து செவுள் வழியாக வெளியேறும் நீரோட்டம் திசை மாறுகிறது. செவுள் பக்கமிருந்து நீர் உள்ளே புகுந்து அறையை நிரப்ப, பழைய காற்று வாய்ப்பக்கம் தள்ளப்பட்டு வெளியேறுகிறது. வாய் நீர்மட்டத்துக்கு மேல் திறக்கிறது, புதிய காற்று உள்ளே போகிறது, நீர் வடிகிறது. அண்டா ஓரத்தில் நாம் காணும் அந்த ஒரு நொடிக்குள் இத்தனையும் நடந்துவிடுகின்றன.

அப்படியானால் செவுள் எதற்கு? உடலில் சேரும் கரியமில வாயு நீரில் எளிதாகக் கரையும். அதை வெளியேற்றும் வேலை பெரும்பாலும் செவுளுடையது. உள்ளே வாங்குவது காற்றிலிருந்து, வெளியே விடுவது நீருக்குள். ஆனால் வளர்ந்த விராலின் செவுள்கள் மட்டும் அதன் ஆக்சிஜன் தேவைக்குப் போதாது. மேலே வரவிடாமல் தடுத்தால், சுத்தமான நீரிலும் அது மூச்சுத் திணறி இறந்துவிடும். சென்னை மாகாணத்தில் மருத்துவராகப் பணியாற்றி, பிறகு இந்திய மீன்கள் பற்றிய பெரும் நூலை 1875 முதல் 1878 வரை வெளியிட்ட பிரான்சிஸ் டே, இந்த வகை மீன்களைத் தொட்டியில் விட்டு, நீர்மட்டத்துக்குக் கீழே வலை கட்டித் தடுத்துச் சோதித்தவர். கடைக்கார அம்மா சொன்னதும் அவர் கண்டதும் ஒன்றே.

நீர் வற்றிய பிறகு

காற்றை மூச்சாக்கிக்கொண்ட மீனுக்கு மற்ற மீன்களுக்கு இல்லாத சில சுதந்திரங்கள் கிடைக்கின்றன.

தென்மாவட்டங்களில் கோடையில் கண்மாய் வற்றிக் கடைசிக் குட்டை மிஞ்சும்போது, ஊரே கூடி மீன் பிடிக்கும். கண்மாய் அழிப்பது என்பார்கள். வலை, கச்சா, மூங்கில் ஊத்தா என்று ஆளுக்கொன்றுடன் இறங்குவார்கள். ஊத்தா என்பது அடியும் மேலும் திறந்த கூடை. அடிப்பக்கம் அகலம், மேல்பக்கம் குறுகல். சேற்று நீரில் அதைக் குத்திவிட்டு, உள்ளே ஏதாவது இடித்தால் மேல்வாய் வழியாகக் கையை விட்டுத் துழாவுவார்கள். கெண்டைகளும் கெளிறுகளும் முதலிலேயே வலையில் சிக்கிவிடும். எல்லோரும் எதிர்பார்ப்பது சேற்றுக்குள் அழுந்திக் கிடக்கும் விராலைத்தான். ஊத்தா அதிர்வதிலேயே விரால் என்று தெரிந்துவிடும் என்பார்கள் அனுபவம் உள்ளவர்கள்.

அந்தக் குட்டையின் நீர் கஞ்சிபோலக் குழம்பியிருக்கும். ஆக்சிஜன் ஏறக்குறைய இருக்காது. விரால் சேற்றில் உடலைப் புதைத்து, மூக்கை மட்டும் அவ்வப்போது வெளியே நீட்டிப் பிழைத்துக்கொள்ளும். குட்டையும் வற்றினால், ஈரம் இருக்கும் வரை சேற்றுக்குள் தாக்குப்பிடிக்கும். தோல் காய்ந்துவிட்டால் அதனால் பிழைக்க முடியாது. அதன் உடலைப் போர்த்தியிருக்கும் வழவழப்பு அந்த ஈரத்தைக் காக்கும் காப்பு. வீட்டில் நாம் கல்லுப்பும் சாம்பலும் போட்டுத் தேய்த்துத் தேய்த்துப் போக்குகிறோமே, அதே வழவழப்பு.

மழை இரவில் அது தரையிலும் நகரும். ஒரு குட்டையிலிருந்து அடுத்த குட்டைக்கு, வரப்பைத் தாண்டி, ஈரப் புல்லின் மேல் உடலை நெளித்து நெளித்துப் போகும். விடியற்காலையில் வயல் வரப்பில் விரால் கிடந்ததைப் பார்த்தவர்கள் கிராமங்களில் உண்டு. இதைக் கேள்விப்பட்டு மிரண்டவர்களும் உண்டு. 2002-இல் அமெரிக்காவின் மேரிலாந்து மாநிலத்தில் கிராப்டன் என்ற ஊர்க் குளத்தில் விராலின் சீன உறவினர் ஒன்று கண்டெடுக்கப்பட்டது. யாரோ கொண்டுவந்து விட்ட மீன். நடந்து போய் நாட்டையே பிடித்துவிடும் என்ற அளவுக்குச் செய்தி பரவியது. குளத்தில் மருந்து கொட்டி எல்லா மீன்களையும் கொன்றார்கள். அதே ஆண்டில் விரால் இனங்களை உயிருடன் இறக்குமதி செய்வதை அந்த நாடு தடை செய்தது. அந்த நாட்டு ஆறுகளில் அதற்கு இடமில்லை என்பது சரியான முடிவு. ஆனால் நடை பற்றிய பயம் மிகை. ஈரமும் தேவையும் இருந்தால் சில அடிகள், சில கெஜங்கள் நகரும் மீன் அது. அதற்குமேல் போவது அரிது.

சந்தையில் விராலுக்குள்ள மதிப்பும் இந்த மூச்சால் வந்ததே. கடல் மீன் கரைக்கு வந்த நொடியிலிருந்து கெடத் தொடங்கும்; ஐஸ் தேவை. விராலோ நனைந்த சாக்கில் சுற்றினாலும் பல மணி நேரம் உயிரோடு இருக்கும். ஐஸ் இல்லாத காலத்திலேயே உயிருடன் தூரத்து ஊர்களுக்குப் போன மீன் இது. கெட்டுப்போன விரால் வாங்கினேன் என்று யாராவது சொன்னால், அவர் அதை உயிரோடு வாங்கவில்லை என்று பொருள்.

செங்குஞ்சுப் பந்து

எனக்கு விரால் மேல் மரியாதை வந்தது ஒரு குளக்கரையில்.

ஐப்பசி மழை பெய்து ஓய்ந்த ஒரு காலை. குளம் நிரம்பிக் கரையோரப் புல்லெல்லாம் நீரில் நின்றது. காற்றில்லை, தூறல் இல்லை. ஆனால் அல்லி இலைகளுக்கு நடுவே ஒரு முழ வட்டத்தில் மட்டும் மழை பெய்வதுபோல நீர் பொரிந்துகொண்டிருந்தது. சற்றுக் குனிந்து பார்த்தபோது, செங்கல் பொடியைத் தூவியதுபோல நூற்றுக்கணக்கான குஞ்சுகள். ஒவ்வொன்றும் நெல்மணியைவிடச் சற்றுப் பெரிது. எல்லாம் ஒரு பந்தாகத் திரண்டு, மேலே வருவதும் கீழே இறங்குவதுமாக இருந்தன. பந்துக்கு அடியில், இரண்டடி ஆழத்தில், அசையாமல் ஒரு கரிய நிழல். ஒரு தவளை கரையிலிருந்து அந்தப் பக்கம் குதித்தது. நிழல் மறைந்தது; நீர் வெடித்தது; தவளையைக் காணோம். மறுகணம் நிழல் பழைய இடத்திலேயே நின்றது.

விராலின் பிள்ளை வளர்ப்பு மழையோடு தொடங்குகிறது. ஆணும் பெண்ணும் சேர்ந்து, செடி அடர்ந்த ஆழமில்லாத இடத்தில், தண்டுகளைக் கடித்தும் வாலால் ஒதுக்கியும் வட்டமாக ஒரு வெட்டவெளி உண்டாக்குகின்றன. அங்கே உடலோடு உடல் வளைந்து முட்டையிடுகின்றன. முட்டைகள் மஞ்சள் நிறம். ஒவ்வொன்றிலும் எண்ணெய்த் துளி இருப்பதால் அவை நீர்மட்டத்தில் மிதக்கும். ஆக்சிஜன் குறைந்த குளத்தில் அடியில் விழுந்த முட்டை பிழைப்பது கடினம். காற்றைத் தொட்டுக்கொண்டிருக்கும் மேல்நீரே அவற்றுக்குப் பாதுகாப்பு. தாய் தந்தையர் சார்ந்திருக்கும் அதே காற்றைத்தான் முட்டையும் சார்ந்திருக்கிறது.

ஓரிரு நாளில் குஞ்சு பொரியும். தலைக்குள் காற்றறை பிறக்கும்போதே முழுமையாக இருப்பதில்லை. தொடக்கத்தில் குஞ்சுகள் நீரிலிருந்தே ஆக்சிஜனை எடுக்கும். வளர வளரத்தான் காற்றறை உருவாகும். பிறகு ஒவ்வொன்றாக மேலே வந்து மூச்சு வாங்கப் பழகும். தூறல்போல நான் கண்டது, ஒரு தலைமுறை மூச்சுவிடக் கற்றுக்கொண்டிருந்த காட்சி.

அந்தச் சில வாரங்களும் பெற்றோர் அடியிலேயே நிற்கின்றன. நெருங்குவது பாம்போ தவளையோ வேறு மீனோ, பாய்ந்து தாக்கும். குஞ்சுகளின் சிவப்பு மங்கி உடல் கறுக்கத் தொடங்கியதும் கூட்டம் கலையும். அதன்பின் உறவு கிடையாது. விரால் இரை தேடும் வேட்டைக்கார மீன். தன் இனத்துச் சிறியதையும் விடாது. உடன்பிறந்தவையே ஒன்றையொன்று விழுங்கும்.

குடும்பத்தின் சிறிய உறுப்பினரான பாறைக் குரவை இன்னும் ஒரு படி மேலே போகிறது. அதன் தந்தை மீன் முட்டைகளை வாய்க்குள் அள்ளி வைத்துக் காக்கிறது. வேகமாக ஓடும் ஓடையில் மிதக்கும் முட்டை அடித்துச் செல்லப்பட்டுவிடும். அதற்கேற்ற ஏற்பாடு அது.

தரங்கம்பாடியிலிருந்து பெர்லினுக்கு

சங்கப் பாடல்களில் இதன் பெயர் வரால். மருதநிலப் பாடல்களில் நெல்வயலும் பொய்கையும் வரும் இடத்தில் இதுவும் வரும். அகநானூற்றின் 36ஆம் பாடலில் மதுரை நக்கீரர் தூண்டிலில் சிக்கிய ஓர் ஆண் வராலைக் காட்டுகிறார். அகன்ற வாயையும் உடலின் வரிகளையும் சுட்டி அறிமுகம் செய்கிறார். அது இழுத்த இழுப்புக்கு வராமல், ஆம்பல் இலையைக் கிழித்து, சினம் கொண்ட காளைபோலக் குளத்தைக் கலக்குகிறது. விராலுக்குத் தூண்டில் போட்ட எவரும் இதில் ஒரு சொல்லையும் மறுக்க மாட்டார். அயிரையைப் போட்டு விராலை இழுப்பது என்ற பழமொழியும் நம்மிடம் உண்டு. எது இரை, எது வேட்டை, எது விலை உயர்ந்தது என்ற மூன்று செய்திகள் அதில் இருக்கின்றன.

பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில் இந்த மீன் ஐரோப்பிய அறிவியலுக்குள் நுழைந்தது. தரங்கம்பாடியில் இருந்த கிறிஸ்டோப் சாமுவேல் ஜான் என்ற பாதிரியார், இங்குள்ள மீன்களைப் பதப்படுத்திப் பெர்லினில் இருந்த மருத்துவர் மார்கஸ் எலியேசர் பிளாக்குக்கு அனுப்பிவந்தார். பிளாக் அக்காலத்தின் முதன்மையான மீனியலாளர். அவர் 1793-இல் விராலுக்கும் குரவைக்கும் பெயர் சூட்டினார். பாம்புத் தலையன் என்று பொருள்படும் ஒரு பேரினப் பெயரை இரண்டுக்கும் பொதுவாக வைத்தார். குரவைக்குப் 'புள்ளியுள்ளது' என்ற பொருளில் ஒரு சொல்லும், விராலுக்கு 'வரியுள்ளது' என்ற பொருளில் ஒரு சொல்லும் சேர்த்தார். பேரினப் பெயர் பின்னாளில் சன்னா என்று மாறியது. வரியும் புள்ளியும் மாறவில்லை. நக்கீரர் தூண்டில் முனையில் பார்த்த வரியும், பிளாக் பெர்லினில் சாராயக் குடுவைக்குள் பார்த்த வரியும் ஒன்றே.

1801-இல் பிரெஞ்சு அறிஞர் லாசெப்பேட் தம் மீன் நூலில் இவ்விரண்டையும் எழுதியபோது, உள்ளூர்ப் பெயர்களையே அறிவியல் பெயராக வைத்தார். ஒன்று 'வ்ரால்'. மற்றொன்று 'கர்ருவெய்'. முந்தைய பெயருக்கே முன்னுரிமை என்ற விதிப்படி அவை வழக்கில் நிற்கவில்லை. ஆனாலும் மாற்றுப் பெயர்ப் பட்டியலில், உலக மீனியல் ஏடுகளில், சோழநாட்டு மீனவர் வாயில் வழங்கிய விராலும் குரவையும் இன்றும் பதிவாகி இருக்கின்றன.

நிலத்தடியில் ஒரு பங்காளி

விரால் குடும்பம் முழுவதும் அறியப்பட்டுவிட்டது என்று யாராவது நினைத்திருந்தால், 2018-இன் கேரள வெள்ளம் அதைப் பொய்யாக்கியது. வெள்ளத்துக்குப் பின் மலப்புரம் மாவட்டத்து வயல் ஒன்றில் விலாங்குபோல மெலிந்து நீண்ட ஒரு செந்நிற மீன் கிடைத்தது. அதன் படம் சமூக ஊடகம் வழியாக ஆய்வாளர்கள் கண்ணில் பட்டது. 2019-இல் அது ஏனிக்மசன்னா கொல்லம் என்ற பெயரில் புதிய பேரினமாக அறிவிக்கப்பட்டது. இதில் வரும் கொல்லம் கேரளத்து ஊர் இல்லை. 'லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' கதையில் குகைக்குள் வாழும் பாத்திரத்தின் பெயர். நிலத்தடி நீரோட்டங்களில் வாழ்ந்து, வெள்ளத்தில் வெளியே தள்ளப்பட்ட மீன் இது. அடுத்த ஆண்டு, இதற்கென்று தனிக் குடும்பமே வகுத்தார்கள். விராலின் மூதாதையரிடமிருந்து இது பிரிந்து பல கோடி ஆண்டுகள் ஆகின்றன என்பது மரபணு ஆய்வின் கணிப்பு.

இந்தப் பங்காளியின் தலைக்குள் பார்த்தபோது விராலுக்குரிய காற்றறை இல்லை. பாறையிடுக்கு நீருக்குள் மேலே வந்து காற்று வாங்க இடமேது? விரால் எந்த வழியில் வந்தது என்று புரிந்துகொள்ள, காற்றறை இல்லாத இந்த உறவினர் பெரிய சாட்சி.

காப்பது நம் கையில்

இவ்வளவு தாக்குப்பிடிக்கும் மீனுக்கு அழிவே வராது என்று தோன்றும். ஆனால் 1988-இல் வடகிழக்கு எல்லை வழியாக இந்தியாவுக்குள் ஒரு நோய் நுழைந்தது. பூஞ்சை போன்ற ஒரு நீர்நுண்ணுயிர் தோலைத் துளைத்துத் தசைக்குள் வளர்ந்து, சிவந்த ஆழமான புண்களை உண்டாக்கும். சில ஆண்டுகளில் நாடு முழுதும் பரவியது. மிக மோசமாகப் பாதிக்கப்பட்ட மீன்களில் விரால் இனங்கள் முன்னணியில் இருந்தன. மக்கள் குளத்து மீன் வாங்கவே அஞ்சிய காலம் அது. மழை பெய்து நீர் குளிரும் மாதங்களில் இந்த நோய் இன்றும் தலைகாட்டுகிறது.

விரால் வளர்ப்புக்கு இன்று நல்ல வழிகள் உண்டு. பாளையங்கோட்டை தூய சவேரியார் கல்லூரியில் முனைவர் எம்.ஏ. ஹனிபா தலைமையில் நடந்த ஆய்வுகள், ஹார்மோன் ஊசி மூலம் விராலை முட்டையிடச் செய்வதிலும், குஞ்சுகளைக் காப்பாற்றி வளர்ப்பதிலும் பெரும் பங்காற்றின. குஞ்சுகள் ஒன்றையொன்று விழுங்கும் என்பதால் அளவு பார்த்து அடிக்கடி பிரித்து விட வேண்டும். உயிர் இரையிலிருந்து தீவனத்துக்குப் படிப்படியாகப் பழக்க வேண்டும். தாய்மீன் இரண்டடி ஆழத்தில் நின்று செய்யும் வேலையை மனிதர் செய்யும்போதுதான் அதன் அருமை தெரிகிறது.

ஆனால் இயற்கையில் விரால் நிலைக்க, அதற்கு வேண்டியது ஓரமுள்ள குளம். அல்லியும் கோரையும் நிற்கும் ஆழமில்லாத கரை இருந்தால்தான் அது கூடமைக்க முடியும். கரையைச் செங்குத்தாக வெட்டிக் கல் பதித்து, செடிகளை அடியோடு வழித்தெடுத்த குளம் பார்க்க அழகாக இருக்கலாம். விரால் அங்கே குஞ்சு பொரிக்காது. தூர்வாருகிறவர்கள் கரையோரத்தில் சில இடங்களையாவது புல்லும் பூண்டுமாக விட்டுவைக்கலாம். அதற்குச் செலவு ஏதும் இல்லை.

தூண்டில் போடும் நண்பர்களிடம் ஒன்று கேட்டுக்கொள்கிறேன். செங்குஞ்சுப் பந்து தெரிந்தால் அடியில் பெரிய விரால் நிற்கும் என்பது உங்களுக்குத் தெரியும். தவளையைக் கட்டி அங்கே இறக்கினால் உடனே கடிக்கும் என்பதும் தெரியும். அது பசியால் கடிப்பதில்லை. பிள்ளைகளைக் காக்கக் கடிக்கிறது. அந்த ஒரு மீனை எடுத்தால், அந்தப் பந்து மற்ற மீன்களுக்கு எளிதாக இரையாகக்கூடும். குஞ்சுகள் கறுத்துக் கலையும் வரை சில வாரங்கள் பொறுங்கள். அந்த இடத்தைவிட்டு நாலு எட்டுத் தள்ளிப் போய்த் தூண்டிலைப் போடுங்கள். அடுத்த கோடையில் கண்மாய் அழியும்போது ஊத்தாவுக்குள் விரால் அதிர வேண்டுமானால், இந்த மழையில் அந்தச் செங்குஞ்சுகள் மூச்சுவிடக் கற்றுக்கொள்ள வேண்டும்.